ஜூ டவுன் நடை: வசந்தாவுக்கு ஒரு கடிதம்

எர்ணாகுளம்

அன்புள்ள வசந்தா,

நலம். உன் கடிதம் போன வாரமே கிடைத்தது. அண்ணாவுக்குக் கண் அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது என்று படித்த பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது. சொட்டு மருந்தை மட்டும் நேரம் தவறவிடாதே. இரண்டு நாள் போனதும் “எல்லாம் சரியாகிவிட்டது” என்று பேப்பரை விரித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவார்; எனக்குத் தெரியாதா அவரை!

மைதிலி கல்யாண விஷயமாக நீ நான்கு பக்கம் எழுதியிருக்கிறாய். பதில் எழுதாமல் தள்ளிக்கொண்டே போனேன். நேற்று மட்டாஞ்சேரிக்குப் போய்வந்ததும் எழுத உட்கார்ந்துவிட்டேன். இரண்டுக்கும் சம்பந்தம் இருக்கிறது, பொறுமையாகப் படி.

என் மகள் எனக்குத் தெரியாமல் டிக்கெட் வாங்கிவைத்திருந்தாள். வழிகாட்டி ஒருவரோடு ஜூ டவுன், அதாவது மட்டாஞ்சேரியில் யூதர்கள் வாழ்ந்த பகுதி முழுக்க நடந்து பார்ப்பது. வழிகாட்டிகள் மேல் எனக்கு எப்போதுமே நம்பிக்கை கிடையாது. கோயிலுக்குப் போனால் சிற்பத்தைக் காட்டி வாய்க்கு வந்த கதையைச் சொல்வார்கள் அல்லவா, அந்த எரிச்சல். இவர் வேறு மாதிரி. மட்டாஞ்சேரியிலேயே பிறந்து வளர்ந்தவர், ஐம்பது வயதிருக்கும். கதை என்றால் கதை என்று சொல்கிறார், ஆதாரம் இருந்தால் ஆண்டோடு சொல்கிறார். என் முழங்காலைப் பார்த்து, நிழல் இருக்கும் இடமாகப் பார்த்து நின்று பேசினார். அதற்காகவே இன்னொரு நூறு ரூபாய் கொடுக்கலாம்.

அரண்மனைப் பக்கம்தான் ஆரம்பித்தார். டச்சு அரண்மனை என்று பெயர், கட்டியவர்கள் போர்த்துக்கீசியர். 1555-ல் கட்டிக் கொச்சி ராஜாவுக்குக் கொடுத்தார்கள். உள்ளே பழயன்னூர் பகவதி கோயில். அதன் மதிலை ஒட்டி அந்தப் பக்கம் யூதர்களின் ஜெபஆலயம், 1568-ல் கட்டியது. ராஜா ஏன் தன் மதிலை ஒட்டியே இடம் கொடுத்தார் என்று கேட்டேன். போர்த்துக்கீசியர் கைக்கு எட்டாமல் இருக்கத்தான் என்றார். அப்படியும் 1662-ல் ஆலயத்தைச் சேதப்படுத்திவிட்டார்கள், யூதர்கள் டச்சுக்காரர்களுக்கு உதவினார்கள் என்ற கோபத்தில். அடுத்த ஆண்டே டச்சுக்காரர்கள் கொச்சியைப் பிடித்துவிட்டதால் யூதர்கள் தப்பினார்கள்.

கொடுங்கல்லூரிலிருந்துதான் இவர்கள் கொச்சிக்கு வந்தது. நாம் பாடத்தில் படித்த முசிறி அந்தப் பக்கம்தான். சுமார் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் சேர அரசர் பாஸ்கர ரவிவர்மன் முயிரிக்கோட்டில் இருந்துகொண்டு ஜோசப் ரப்பான் என்ற யூதத் தலைவருக்கு அஞ்சுவண்ணம் என்ற வணிகக் குழுவின் உரிமையைச் செப்பேட்டில் எழுதிக் கொடுத்தார். வட்டெழுத்து. பகல் விளக்கு, நடக்க விரிக்கும் பாவாடைத் துணி, பல்லக்கு, குடை, பறை, காளம், தோரணம் என்று எழுபத்திரண்டு உரிமைகள். சுங்கம் கட்ட வேண்டாம். உலகமும் சந்திரனும் உள்ளவரை இது அவர்கள் சந்ததிக்கு என்று முடிகிறது. உன் தொண்டிப் பக்கத்துத் தீர்த்தாண்டதானத்தில் 1269-ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது, அதிலும் அஞ்சுவண்ணத்தார் வருகிறார்கள். நீ அந்த வழியாக எத்தனை முறை பஸ்ஸில் போயிருப்பாய்!

ஜூ டவுன் தெரு இப்போது முழுக்கக் கடைகள்தான். காஷ்மீர் சால்வை, பித்தளைச் சாமான், பழைய மரப்பெட்டி, வாசனை எண்ணெய். மேலே நிமிர்ந்து பார்த்தால்தான் பழைய வீடுகள் தெரிகின்றன. சில ஜன்னல் கம்பிகளில் தாவீதின் நட்சத்திரம் இன்னும் இருக்கிறது. மிளகு வணிகர் சங்கத்தின் கட்டடமும் இங்கேதான். 1957 முதல் மிளகுக்கு முன்பேர வணிகம், அதாவது பின்னால் தரப்போகும் சரக்குக்கு முன்பே விலை பேசுவது, நடந்த இடம். ஒரு காலத்தில் இங்கே கூவிக் கூவி விலை சொல்வார்களாம். இப்போது கூவுவது சால்வைக்காரர்கள்தான். கிடங்கு ஒன்றின் வாசலில் சுக்கு வாசனை அடித்த ஒரு நிமிடம் மட்டும் இது பழைய வணிகத் தெரு என்று நம்ப முடிந்தது.

ஆலயத்துக்குள் செருப்போடு போகக் கூடாது. யூத ஆலயங்களில் இது வேறெங்கும் சாதாரணமாக இல்லாத வழக்கம், கேரளத்தில் இவர்களாகவே எடுத்துக்கொண்டது. வெறுங்காலில் நடப்பதும் நல்லதற்குத்தான், ஏனென்றால் அந்தத் தரை! சீனாவிலிருந்து வந்த ஓடுகள், வெள்ளையில் நீலம், 18-ஆம் நூற்றாண்டில் பதித்தவை. எசக்கியேல் ரஹாபி என்பவர் போட்டார். டச்சுக் கம்பெனிக்கு மிளகு வாங்கிக் கொடுத்த பெரிய வணிகர் அவர். வெளியே மணிக்கூண்டைக் கட்டியதும் அவர்தான். தூரத்தில் எல்லா ஓடும் ஒன்றுபோல் இருக்கிறது. முழங்கால் வலியையும் பார்க்காமல் குனிந்து பார்த்தேன். ஒன்றில் மரக்கிளை வலப்பக்கம் சாய்கிறது, அடுத்ததில் சாயவில்லை. ஒன்றில் தூரிகை கொஞ்சம் ஊறி, இலை குண்டாகிவிட்டது. இன்னொன்றில் வரைந்தவருக்கு அவசரம் போலிருக்கிறது, பாலத்துக்குக் கைப்பிடியே இல்லை. அத்தனையும் கையால் வரைந்தவை. இந்த ஓடுகளை ராஜா தனக்காக வரவழைத்ததாகவும், மாட்டு ரத்தம் கலந்து செய்தவை என்று யாரோ சொல்லவும் அவர் வேண்டாமென்று விட்டதாகவும் ஒரு கதை உண்டு. சொன்னது யாராக இருக்கும் என்று வழிகாட்டி எங்களிடமே கேட்டுச் சிரித்தார்.

மேலே கண்ணாடி விளக்குகள், நடுவில் பித்தளைக் கம்பி போட்ட மேடை. பெண்கள் உட்காரும் மாடிக்கு முன்னால் இரண்டாவது மேடை ஒன்று இருக்கிறது. பண்டிகை நாட்களில் தோராவை, அதாவது அவர்கள் வேதத்தை, அங்கிருந்துதான் படிப்பார்களாம். கேரள ஆலயங்களில் மட்டும் உள்ள அமைப்பு. 1968-ல் 400-ஆம் ஆண்டு விழாவுக்கு இந்திரா காந்தி வந்தார், தபால் தலை வெளியிட்டார்கள். இந்த மாதிரிச் செய்திகளை எல்லா வழிகாட்டியும் சொல்வார்கள். நம் நாட்டில் யூதர்களை யாரும் துன்புறுத்தவில்லை என்று பெருமையோடு முடித்துவிட்டு டீ குடிக்க அழைத்துப் போவார்கள். அந்தப் பெருமை நியாயமானதுதான், மறுக்கவில்லை. ஆனால் எங்கள் ஆள் முடிக்கவில்லை. வாசல் அறையில், படிக்குப் பக்கத்தில் எங்களை நிறுத்தினார். “இதுவரைதான் சிலர் வரலாம்” என்றார்.

கேட்டுக்கொள் வசந்தா. இந்த ஆலயம் பரதேசி யூதர்களுடையது. ஸ்பெயினிலிருந்து விரட்டப்பட்டவர்கள், அலெப்போ, பாக்தாத் என்று மேற்கிலிருந்து வந்தவர்கள். ‘வெள்ளை யூதர்’ என்று பெயர். அவர்களுக்கு முன்பே இந்த மண்ணில் இருந்த மலபாரி யூதர்கள் ‘கறுப்பு யூதர்’ ஆனார்கள். அவர்களுக்குத் தனி ஆலயங்கள். அவர்கள்தான் எண்ணிக்கையில் பல மடங்கு. மூன்றாவதாக, பரதேசிகளிடம் அடிமையாக இருந்து விடுதலை பெற்றவர்களின் வழி வந்தோர். இவர்கள் வழிபட வேண்டிய இடம் இந்த ஆலயம்தான், ஆனால் அந்தக் காலத்தில் உள்ளே பெஞ்சில் உட்காரக் கூடாது. தோரா படிக்க அழைக்கமாட்டார்கள். பெண் கொடுப்பது, எடுப்பது பேச்சுக்கே இடமில்லை. இத்தனைக்கும் எல்லாரும் ஒரே நாளில் ஓய்வுநாள், ஒரே மலையாளம், ஒரே ஆப்பம்.

அந்த வகுப்பில் 1882-ல் பிறந்தவர் ஆபிரகாம் பராக் சேலம். (நம் சேலத்துக்கும் இவருக்கும் சம்பந்தமில்லை.) சென்னையில் படித்துப் பட்டம் வாங்கி வக்கீல் ஆனார். லாகூர் காங்கிரஸ் மாநாட்டுக்குப் போனார், கொச்சி சட்டசபையில் உறுப்பினராக இருந்தார், தொழிலாளர்களுக்காகப் பேசினார். ஊரில் ‘யூத காந்தி’ என்றார்கள். ஊருக்கெல்லாம் வழக்காடுகிற வக்கீலுக்குத் தன் ஆலயத்தில் பெஞ்சு கிடையாது! காந்தி வழியிலேயே இறங்கினார். ஆலயத்தைப் புறக்கணித்தார், பிறகு உள்ளேயே சத்தியாகிரகம். விதிகள் ஒன்றொன்றாகத் தளர்ந்தன. பெஞ்சு கிடைத்தது, பெண் மட்டும் கிடைக்கவில்லை. 1950-ல் அவர் மகன் ஒரு பரதேசிக் குடும்பத்துப் பெண்ணை மணந்தபோது, அந்தச் சமூகத்தில் அப்படி நடந்த முதல் கல்யாணம் அது. எதிர்ப்பு எப்படி இருந்திருக்கும் என்று உனக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

கொஞ்ச தூரம் நடந்தால் மலபாரி யூதர்களின் கடவும்பாகம் ஆலயம் வருகிறது. 16-ஆம் நூற்றாண்டுக் கட்டடம். ஆட்கள் போன பிறகு கிடங்காக இருந்தது. உள்ளே இருந்த மர வேலைப்பாடுகளை 1991-ல் வாங்கி எடுத்துப்போய் ஜெருசலேமில் இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள். இங்கே நின்ற கூடு 2019 மழையில் பாதி விழுந்துவிட்டது. பரதேசி ஆலயத்தில் டிக்கெட் வாங்க வரிசை நிற்கிறது. இதைப் பார்க்க எங்கள் கூட்டத்தைத் தவிர ஒருவரும் இல்லை. எனக்குக் கோபம்தான் வந்தது.

போனார்கள் என்றேனே, யாரும் விரட்டிப் போகவில்லை. இஸ்ரேல் உருவானதும் வேத பூமிக்குப் போக வேண்டும் என்ற ஆசை. 1950-களின் நடுவில் மலபாரி யூதர்கள் ஊர் ஊராகக் கிளம்பினார்கள். யானைக்கால் நோய் பரவிவிடும் என்ற பயத்தில் இஸ்ரேல் இவர்களைச் சில காலம் காக்கவைத்தது தெரியுமா? வீட்டை விற்றுவிட்டு மூட்டை கட்டி உட்கார்ந்திருந்தார்கள், பாவம். அங்கே போய் நெகேவ் பாலைவனத்தில் நெவாத்திம் போன்ற ஊர்களில் விவசாயம் செய்து பிழைத்தார்கள். பரதேசிகள் மெதுவாகக் கரைந்தார்கள். பிள்ளைகளுக்கு வரன் எங்கே தேடுவது? தெருவில் இருப்பதே சில குடும்பங்கள், அதிலும் பாதி உறவு. முறையான கூட்டு வழிபாட்டுக்குப் பத்து ஆண்கள் வேண்டும். அந்தப் பத்துப் பேரும் இல்லாமல் போனார்கள். சாரா கோஹன் என்ற பாட்டி கையால் பூவேலை செய்து விற்ற கடை இன்னும் இருக்கிறது. 2019-ல், 96 வயதில் போய்ச் சேர்ந்தார். கடைசிவரை அவரைப் பார்த்துக்கொண்டதும், கடையைத் தொடர்ந்து நடத்துவதும் ஒரு முஸ்லிம் குடும்பம். 2024-ல் குயினி ஹலேகுவா என்ற பாட்டியும் இறந்த பிறகு அந்தத் தெருவில் பரதேசிப் பெண் என்று எவரும் இல்லை.

இப்போது மைதிலி. பையன் நல்ல வேலையில் இருக்கிறான், குடிக்கிற பழக்கமில்லை, அவளை மதிக்கிறான், இத்தனையும் நீயே எழுதியிருக்கிறாய். பிறகு மூன்று பக்கம் ‘நம்மவர்கள் என்ன சொல்வார்கள்’ என்று. சொல்வார்கள், சொல்லாமல் இருக்கமாட்டார்கள். சித்தப்பா கல்யாணத்துக்கு வரமாட்டார், அடுத்த வருஷம் பேரனைப் பார்க்க முதல் ஆளாக வந்து நிற்பார். நீ பையன் வீட்டுக்குப் போய் ஒரு வாய் காபி குடித்துவிட்டு வா. அவன் அம்மாவிடம் பேசிப் பார். வேண்டாம் என்பதற்கு அங்கே காரணம் கிடைத்தால் எனக்கு எழுது, நானும் உன் பக்கம் நிற்கிறேன். சாதி மட்டும்தான் காரணம் என்றால் எனக்கு எழுதாதே. அண்ணாவுக்குக் கட்டுப் பிரித்ததும் இதை அவரிடம் படித்துக் காட்டு. நீயாகச் சொன்னால் கத்துவார், நான் சொன்னதென்றால் கொஞ்சம் குறைவாகக் கத்துவார்.

மார்கழி கழிந்ததும் நீங்கள் இருவரும் இங்கே வாருங்கள். சனிக்கிழமை ஆலயம் மூடியிருக்கும், வெள்ளிக்கிழமை மதியத்துக்குப் பிறகும் உள்ளே விடமாட்டார்கள். வாரத் தொடக்கத்தில் டிக்கெட் எடுக்கச் சொல்லி மகளிடம் சொல்லிவிட்டேன். அந்த வழிகாட்டியின் நம்பரும் இருக்கிறது. வரும்போது உன் கை நார்த்தங்காய் ஊறுகாய் கொண்டு வா. இங்கே கிடைப்பதில் புளிப்பும் இல்லை, உறைப்பும் இல்லை.

அன்புடன்,
சரோஜா