பெயர் சொல்ல முடியாதவர்களுக்கு ஒரு நன்றி மடல்

அன்புடையீர்,

துப்புரவுத் தொழிலாளர்கள், செங்கற்சூளைக் குடும்பங்கள் என்று 16 ஆண்டுகளாக நான் எடுத்துவரும் ஆவணப்படங்களின் வரிசையில், தூத்துக்குடி உப்பளங்களைப் பற்றிய படத்தின் தொகுப்பு வேலை சென்ற வாரம் முடிந்தது. பெயர் வெளியே தெரிந்தால் மறுநாள் வேலைக்குக் கூப்பிட மாட்டார்கள் என்று நீங்கள் சொன்னதால், இறுதியில் ஓடும் பட்டியலில் உங்களில் பலரது பெயரைச் சேர்க்கவில்லை. அந்தக் கடனை இந்த மடலிலாவது தீர்க்க விரும்புகிறேன்.

விடியுமுன் மூன்று மணிக்கே எங்களை அளத்துக்கு அழைத்துச் சென்ற அக்காவுக்கு முதல் நன்றி. உவர்நீர் பாத்தி பாத்தியாக முற்றி, அதன் அடர்த்தி போமே அளவில் 25 டிகிரியை எட்டும்போது உப்பு விளையும் கணக்கை அவர் தண்ணீரின் நிறத்தைக் கொண்டே சொல்லிவிடுவார். நண்பகலில் எடுத்த ஒரு காட்சி வெளிச்சம் மிகுந்து முழுதும் வெளிறிப்போயிருந்தது. அதை நீக்க முற்பட்டபோது கேமரா திரையை எட்டிப் பார்த்தவர், "அழிச்சிராதீங்க தம்பி, எங்க கண்ணுக்கு இப்படித்தான் தெரியுது" என்றார். படம் அந்தக் காட்சியில்தான் தொடங்குகிறது.

கூலி, கறுப்புக் கண்ணாடி, காலில் ஆறாத புண் என்று ஒரு மாதம் கேட்டுக்கொண்டிருந்த நான் கேட்கத் தவறியதை, எங்கள் உதவி இயக்குநரான பெண்ணிடம் நீங்களாகவே சொன்னீர்கள். ஒதுங்க மறைவில்லாததால் காலையிலிருந்து தண்ணீர் குடிக்காமலே உப்புச் சுமக்கிறோம் என்ற அந்தப் பேச்சுக்குப் பிறகு படமே வேறு திசையில் திரும்பியது. அதைச் சொல்வதற்காக அரைநாள் கூலியை இழந்த ஒவ்வொருவருக்கும் என் வணக்கம்.

உப்புக்காற்றில் அரித்துப்போன லென்ஸைக் காசு வாங்காமல் சரிசெய்து தந்தவருக்கும், 1930 ஏப்ரலில் ராஜாஜி தலைமையில் திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்த உப்பு யாத்திரையைப் பற்றி இரவெல்லாம் பேசிய ஓய்வுபெற்ற ஆசிரியருக்கும் நன்றி.

ஐப்பசியில் மழை பிடித்து வேலை நின்றதும், அரசு தரும் 5,000 ரூபாய் நிவாரணத்தை எதிர்பார்த்து நீங்கள் வீட்டிலிருக்கும் நாட்களில், வேறெங்கும் காட்டுமுன் உங்கள் தெருவில் படத்தைத் திரையிடுகிறோம். தம் முகம் தெரிய வேண்டாமென்று அன்று யார் சொன்னாலும், அந்தப் பகுதியை வெட்டிய பிறகே படம் வெளியே போகும்.

நன்றியுடன்,
படக்குழுவின் சார்பில், இயக்குநர்