கரண்ட் போன இரவில் ஆமையும் ஓணானும்

தங்கச்சிமடம்,
ஐப்பசி கடைசி, 2025.

அன்பு மாப்ளைக்கு,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. தங்கச்சிக்கு முட்டுவலி தேவலை என்று படித்ததும் அம்மாவுக்குத்தான் ரொம்ப சந்தோஷம். அம்மா சுகம். கண் ஆபரேஷனுக்கு அப்புறம் வாசலில் உட்கார்ந்து போகிற வருகிற ஆளையெல்லாம் பேர் சொல்லிக் கூப்பிடுகிறாள். ஏப்ரலில் புதுப் பாம்பன் பாலம் திறந்ததும் ரயில் மறுபடி தீவுக்குள் வந்துவிட்டது. 2022 டிசம்பரிலிருந்து மண்டபம் போய் ரயில் ஏறிய பாடு தீர்ந்தது. பொங்கலுக்கு வந்தால் ரயிலிலேயே வா. பாலத்தில் வண்டி போகும்போது கீழே நாம் நண்டு பிடித்த பாறை தெரியும்.

சரி, உன் மகள், நம் மருமகள் வளர்க்கிற தாடி ஓணான் விஷயத்துக்கு வருகிறேன். குன்னூரில் மரம் விழுந்து இரண்டு நாள் கரண்ட் இல்லை, கூட்டில் சூட்டு விளக்கு எரியவில்லை, ஓணான் கறுத்துப்போய் அசையாமல் கிடந்தது, பிள்ளை அழுதாள் என்று எழுதியிருந்தாய். அதைப் படித்துவிட்டு எனக்கு அன்றிரவு தூக்கம் வரவில்லை. போன வருஷம் எங்கள் வீட்டு ஆமைக்கு நடந்தது அப்படியே கண் முன்னால் வந்தது. அதை உனக்கு முழுசாக எழுதவே இல்லை. எழுதியிருந்தால் உனக்கு இந்தத் தடவை கொஞ்சம் உதவியிருக்கும்.

மூத்தவன் மதுரையில் மீன்தொட்டிக் கடையிலிருந்து கொண்டுவந்தபோது அது காசு அளவுதான். கண்ணுக்குப் பின்னால் சிவப்புக் கோடு போட்ட சிவப்புக்காது ஆமை. இன்று சாப்பாட்டுத் தட்டு அகலம் இருக்கிறது. ‘ஆமை புகுந்த வீடு’ என்று தெருவில் சொல்லாதவர்கள் பாக்கி இல்லை. அம்மா காதில் வாங்கவில்லை. காலையில் காப்பி போட்டதும் தொட்டிப் பக்கம் போய் அதனிடம் இரண்டு வார்த்தை பேசாமல் அவளுக்குப் பொழுது விடியாது.

போன வருஷம் நவம்பர் 20. மழை என்றால் அதுதான் மழை. ராமேஸ்வரத்தில் 40 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டித் தீர்த்தது. எவ்வளவு பெய்தாலும் நம் தீவு மணல் குடித்துவிடும் என்போமே, அன்று குடிக்கவில்லை. மத்தியானம் கரண்ட் போனது. சாயங்காலம் வாசல்படி ஏறித் தண்ணீர் கூடத்துக்கு வந்துவிட்டது. எங்கள் தெருவுக்கு மறுபடி லைட் எரிய இரண்டு ராத்திரி ஆனது.

ஃபில்டர் பம்பு நின்றதும் சின்னவன் பதறிப்போய்ச் சொம்பால் தண்ணீரை மொண்டு மொண்டு தொட்டிக்குள் ஊற்றினான். ஆமைக்கு மூச்சு முட்டும் என்று பயம். எனக்கும் அப்போது தெரியாது, நானும் சேர்ந்து ஊற்றினேன். ஆமை மீன் இல்லை, மாப்ளே. அது தலையைத் தூக்கிக் காற்றைத்தான் மூச்சாக இழுக்கிறது. பம்பு நின்றால் அதற்கு மூச்சு நிற்காது. பம்பு நின்றதால் சாவது ஃபில்டருக்குள் குடியிருக்கும் நல்ல பாக்டீரியா. ஆமையின் கழிவைத் தின்று தண்ணீரைச் சுத்தமாக வைப்பது அதுதான். ஓடுகிற தண்ணீர் கொண்டுவரும் காற்று இல்லாவிட்டால் சில மணி நேரத்திலேயே அது சாக ஆரம்பித்துவிடும்.

அன்று நான் செய்த முதல் தப்பு, தீனி போட்டது. ஆமை கண்ணாடியை முட்டி முட்டிக் கேட்டது. பாவம், பயந்திருக்கிறது, தின்னட்டும் என்று வழக்கத்தைவிட அதிகமாகவே போட்டேன். விடிந்து பார்த்தால் தண்ணீர் கழுநீர் மாதிரி கலங்கி, மூக்கை எரிக்கிற நெடி அடித்தது. இரண்டாவது தப்பு அதைவிட மோசம். கரண்ட் வந்ததும் ஓடிப்போய் ஃபில்டரை அப்படியே போட்டேன். இரண்டு நாளாக உள்ளே அழுகிக் கிடந்ததெல்லாம் குழாய் வழியாகக் கறுப்பாகத் தொட்டிக்குள் கொட்டியது. அழுகின முட்டை நாற்றம். ஆமை ஒரே தாவாகக் கல்லின் மேல் ஏறி, கழுத்தை நீட்டிக்கொண்டு நின்றது. நாலாம் நாள் இரண்டு கண்ணும் வீங்கி மூடிக்கொண்டன. மதுரைக்குத் தூக்கிக்கொண்டு போய் டாக்டரிடம் காட்டினோம். மூன்று வாரம் சொட்டு மருந்து. கண்ணைத் திறந்த அன்று அம்மா நெய்விளக்கு ஏற்றினாள்.

இப்போது கரண்ட் போனால் முதல் வேலையாகத் தீனியை நிறுத்திவிடுகிறேன். நல்ல திடமான பெரிய ஆமை ஒரு வாரம் பட்டினி கிடந்தாலும் அதற்கு ஒன்றும் ஆகாது. அடுத்து ஃபில்டரைத் திறந்து, உள்ளே இருக்கும் பஞ்சை ஒரு வாளித் தொட்டித் தண்ணீரில் அலசி, காற்றுப் படும்படி ஈரமாக வைத்துவிடுகிறேன். தினம் பாதித் தண்ணீரை மாற்றுகிறேன். கரண்ட் வந்தபிறகு அலசாமல் ஃபில்டரைப் போடுவதில்லை. தண்ணீர் சூடாக்கும் ஹீட்டரைப் பற்றி நம்மூரில் கவலையே வேண்டாம். மார்கழி வாடையில்கூட ராத்திரி 20 டிகிரிக்குக் கீழே இறங்குவது இங்கே அபூர்வம்.

இன்னொன்றும் அன்று நடந்தது. தொட்டி நாற்றம் தாங்காமல் இரண்டாம் ராத்திரி அதை எடுத்துத் துணி துவைக்கிற பிளாஸ்டிக் டப்பில் விட்டிருந்தேன். நடுச்சாமத்தில் ‘சரக் சரக்’ என்று நகம் பிறாண்டும் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரத்தில் நின்றுவிட்டது. சத்தம் நின்றதும்தான் எனக்கு வயிற்றைக் கலக்கியது. டார்ச் அடித்துப் பார்த்தால் டப்பு காலி. வாசல்படிக்கு ஒரு சாண் தூரத்தில், தேங்கிய தண்ணீரைப் பார்த்துக் கழுத்தை நீட்டிக்கொண்டு போய்க்கொண்டிருந்தது. படியைத் தாண்டியிருந்தால் வெள்ளத்தோடு பின்னால் இருக்கிற ஊருணிக்குப் போயிருக்கும். அது நம்மூர் உயிர் இல்லை. அமெரிக்காவில் மிசிசிப்பி ஆற்றுப் பக்கத்து ஆமை. வேற்று நாட்டு நீர்நிலைகளில் புகுந்து அங்குள்ள ஆமைகளின் இடத்தைப் பிடித்துக்கொள்வதால், உலகத்திலேயே மோசமான 100 அந்நிய உயிரினங்களின் பட்டியலில் இதையும் சேர்த்திருக்கிறார்கள். நம் ஊருணிகளிலும் கண்மாய்களிலும் கறுப்பு ஆமையும் பால் ஆமையும் எத்தனை காலமாக இருக்கின்றன! என் அஜாக்கிரதையால் அவற்றுக்குக் கேடு வந்திருந்தால் என்னால் தாங்கியிருக்க முடியாது. அதை அள்ளி எடுத்து, நண்டுக் கம்பெனி தெர்மோகோல் பெட்டியில் வைத்து, மூடியில் ஓட்டை போட்டு, தங்கூசி நைலான் நரம்பால் இறுக்கிக் கட்டினபிறகுதான் எனக்குக் கை நடுக்கம் நின்றது.

அந்தப் பெட்டி ஞாபகத்தில்தான் உனக்கு எழுத உட்கார்ந்தேன். ஐஸ் போட்டு நண்டு அனுப்புகிற பெட்டி வெளிச்சூட்டை உள்ளே விடாது என்றால், உள்ளே இருக்கும் சூட்டையும் வெளியே விடாது. உன் ஊர்க் குளிருக்கு அதைவிட நல்லது கிடையாது. தாடி ஓணான் ஆஸ்திரேலியாவின் வறண்ட காட்டு ஜீவன். அங்கேயும் ராத்திரி குளிரும், அதனால் ஒரு ராத்திரிக் குளிர் மட்டும் அதைக் கொன்றுவிடாது. ஆனால் அங்கே காலையில் வெயில் கொளுத்தும், காற்றில் ஈரம் இருக்காது. குன்னூரில் ஐப்பசி கார்த்திகையில் நாள் கணக்கில் வெயிலும் வராது, சுவரே வியர்க்கும். குளிரும் ஈரமும் சேர்ந்து நாளைக் கடத்தும்போதுதான் நெஞ்சில் சளி கட்டுகிறது.

அடுத்த தடவை கரண்ட் போனால், கண்ணாடிக் கூட்டைச் சூடேற்றப் பார்க்காதே. அவ்வளவு பெரிய இடத்துக்கு உன்னால் சூடு கொடுக்க முடியாது. ஓணானைப் பெட்டிக்கு மாற்று. அடியில் காய்ந்த துண்டு விரித்துக்கொள். அடுப்பில் தண்ணீர் காயவைத்து, மணிக்கட்டில் வைத்தால் பொறுக்கிற சூட்டில் பாட்டிலில் ஊற்றி, இரண்டு மடிப்புத் துணியில் சுற்றிப் பெட்டியின் ஒரே ஒரு ஓரமாக வை. இரண்டு பக்கமும் வைத்துவிடாதே. சூடு போதும் என்று தோன்றினால் அது விலகிப்போக இடம் வேண்டும். மூன்று மணி நேரத்துக்கு ஒரு முறை பாட்டிலை மாற்று, நடுவில் திறந்து திறந்து பார்க்க வேண்டாம் என்று மருமகளிடம் சொல். திறக்கிற ஒவ்வொரு தடவையும் சேர்த்து வைத்த சூடு போய்விடும். ஒரு தெர்மாமீட்டரை உள்ளே போட்டு வை. 25, 28 டிகிரி இருந்தால் போதும்.

குளிரில் அது விறைத்துக் கிடந்தால் செத்துவிட்டது என்று முடிவு கட்டிவிடாதே. மெல்லச் சூடேற்று, சில மணி நேரம் பிடிக்கும். வெந்நீரில் முக்கவே கூடாது. உடம்பு கறுத்துப் போவதும் பயப்பட வேண்டிய விஷயம் இல்லை, சூட்டை உறிஞ்சிக்கொள்ள அது நிறத்தை மாற்றிக்கொள்கிறது. ஆனால் வாயைத் திறந்து திறந்து மூச்சு வாங்கினாலோ, மூக்கில் நுரை வந்தாலோ கோயம்புத்தூருக்குக் கிளம்பிவிடு.

தீனி விஷயத்தில் மட்டும் மனசைக் கல்லாக்கிக்கொள். நமக்குச் சாப்பாடு உள்ளே போனால் உடம்பு சூட்டில் தானாகச் செரித்துவிடும். அதற்கு வெளிச்சூடு இருந்தால்தான் செரிக்கும். குளிரில் தின்ற பூச்சி வயிற்றுக்குள்ளேயே அழுகும். கரண்ட் வந்து, விளக்குச் சூட்டில் ஒரு முழுநாள் காய்ந்தபிறகு போடச் சொல். புறஊதா விளக்கு நாலைந்து நாள் எரியாவிட்டால் ஒன்றும் குறைந்துவிடாது.

இன்வெர்ட்டர் இருக்கிறதே என்று கேட்டிருந்தாய். 12 வோல்ட், 150 ஆம்பியர் மணி பேட்டரி, கணக்குக்கு 1800 வாட் மணி. கையில் கிடைப்பது அதைவிடக் குறைவு. 100 வாட் சூட்டு பல்பு ஒன்றைப் போட்டால் ராத்திரி ஓடும், விடியும்போது வீட்டில் விளக்கு எரியாது. 15 வாட் சூட்டு விரிப்பு ஒன்று வாங்கி அதை மட்டும் போடு. கரண்ட் போனதும் மற்ற பிளக்கையெல்லாம் பிடுங்கிவிடு, திரும்பி வரும்போது வோல்டேஜ் தாறுமாறாக வரும். கரண்ட் வந்து மறுபடி போடுமுன், சூட்டை அளவாக வைக்கும் தெர்மோஸ்டாட்டின் சென்சார் கூட்டுக்குள்தான் இருக்கிறதா என்று கையால் தொட்டுப் பார். வெளியே விழுந்து கிடந்தால் அது அறைக் குளிரை அளந்துகொண்டு விளக்கை நிறுத்தாமல் எரியவிடும், ஓணான் வெந்துபோகும்.

ஒன்றை மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன். கரி அடுப்பை அறைக்குள் வைத்துக் கதவைச் சாத்தாதே. மலையில் அப்படித் தூங்கி எழுந்திரிக்காமல் போன குடும்பங்களைப் பற்றி நீயே எனக்கு எழுதியிருக்கிறாய். ஓணானுக்காக என்றாலும் வேண்டாம்.

எங்களுக்கு இங்கே பயம் சித்திரை வைகாசியில்தான். கடல் காற்றில் வரும் உப்பு மாசக்கணக்கில் கம்பத்துப் பீங்கானில் படிந்துகிடக்கும். நாலு தூறல் விழுந்தால் போதும், அந்த உப்பு நனைந்து லைன் டிரிப் ஆகிவிடும். அப்போது தொட்டித் தண்ணீர் சூடேறாமல் பார்ப்பதுதான் வேலை. தண்ணீர் உறைய வைத்த பாட்டிலை மிதக்கவிட்டு, ஜன்னலில் ஈரச் சாக்குத் தொங்கவிடுகிறேன். பாட்டில் உருகுகிற பக்கமாக ஆமை வந்து ஒட்டிக்கொண்டு நிற்கும்.

மீன் பெட்டி இரண்டு வாங்கி, சோப்புப் போட்டு மூன்று தடவை கழுவி, மாடியில் வெயிலில் போட்டிருக்கிறேன். வாடை போகட்டும் என்று காத்திருக்கிறேன். செவ்வாய்க்கிழமை கோயம்புத்தூர் பஸ்ஸில் போட்டுவிடுகிறேன், அங்கிருந்து நீ எடுத்துக்கொள். நெத்திலிக் கருவாட்டைத் தனியாகக் கட்டியிருக்கிறேன், தங்கச்சியிடம் சொல். பெட்டி வந்து சேர்ந்ததும் இரண்டு வரி எழுது. ஓணான் இப்போது எப்படித் தின்கிறது என்று மருமகளையே எழுதச் சொன்னால் அம்மாவுக்குப் படித்துக் காட்டுவேன்.

உன் அன்பு நண்பன்.