மாலபே – கோட்டை இலகு ரயிலுக்கான வழியை அடைக்க விடாதீர்கள்

மதிப்புக்குரிய போக்குவரத்து அமைச்சின் அதிகாரிகளுக்கும் நகர அபிவிருத்தி அதிகார சபையினருக்கும்,

வணக்கம். கொஸ்வத்தையில் குடியிருந்து பொரளையில் வேலை பார்ப்பவன் நான். கொழும்பின் கிழக்கே உள்ள மாலபேயையும் நகர மையமான கோட்டையையும் இணைக்கவிருந்து 2020 செப்டெம்பரில் கைவிடப்பட்ட இலகு ரயில் திட்டத்தை மீண்டும் கையிலெடுக்கும்படியும், அதற்கான நிதி வந்து சேரும்வரை அந்தப் பாதை செல்லவிருந்த நிலத்தில் வேறு கட்டடங்கள் எழாமல் காக்கும்படியும் கேட்டு இம்மடலை எழுதுகிறேன். முதல் வேண்டுகோள் நிறைவேறப் பல ஆண்டுகள் ஆகலாம் என்பதை நான் அறிவேன். இரண்டாவதை இந்த ஆண்டே செய்யலாம்.

காலை ஏழு மணிக்கு கொஸ்வத்தைச் சந்திக்கு 190 ஆம் இலக்க பஸ் வரும்போது அதன் மிதிபலகையில் நான்கைந்து பேர் தொங்கிக்கொண்டிருப்பார்கள். மீகொடையில் புறப்பட்ட பஸ், அத்துருகிரியவைத் தாண்டுவதற்குள் நிறைந்து, மாலபேயில் மாணவர்களையும் ஏற்றிக்கொண்டு வந்திருக்கும். நடத்துநர் "இஸ்ஸரஹட்ட, இஸ்ஸரஹட்ட" (முன்னால் போங்கள்) என்று சிங்களத்தில் கூவி எங்களை உள்ளே தள்ளுவார். பத்தரமுல்லையில் அரச ஊழியர்கள் இறங்கியதும் சற்று மூச்சுவிட இடம் கிடைக்கும். அதற்குள் இராஜகிரிய நெரிசல் தொடங்கிவிடும். 2018 ஜனவரியில் இராஜகிரிய மேம்பாலம் திறக்கப்பட்டபோது நாங்கள் உண்மையாகவே மகிழ்ந்தோம். ஆனால் பாலத்தை விரைந்து கடக்கும் வாகனங்கள் எல்லாம் ஆயுர்வேதச் சந்தியில் போய் வரிசையில் நிற்கின்றன. மழை பெய்யும் நாளில் இந்தச் சிறிய தூரத்தைக் கடக்க எனக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகிறது.

இதற்கு ஓட்டுநர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. 1982 இல் நாடாளுமன்றம் தியவன்னா ஓயாவின் நடுவே அமைந்த புதிய கட்டடத்துக்கு இடம் மாறியது. அதைத் தொடர்ந்து செத்சிறிபாய, இசுறுபாய என்று அரச அலுவலகங்கள் ஒவ்வொன்றாகப் பத்தரமுல்லைக்கு வந்தன. தனியார் பல்கலைக்கழகங்களும் தகவல் தொழில்நுட்ப நிறுவனங்களும் மாலபேயைத் தேடி வந்தன. ரயில் மட்டும் வரவில்லை. கரையோரப் பாதை தெற்கே காலியை நோக்கியும், பிரதான பாதை றாகமை வழியாக வடக்கேயும், களனிவெளிப் பாதை நுகேகொடை, மஹரகமை, ஹோமாகமை என்று தென்கிழக்கேயும் செல்ல, இவற்றுக்கு இடைப்பட்ட இராஜகிரிய – மாலபே திசையில் ஒரு தண்டவாளம்கூட இல்லை. 1899 முதல் 1960 வரை கொழும்பில் மின்சார டிராம் ஓடியதையும், அந்த வண்டிகள் பொரளை வரை வந்ததையும் நினைக்கும்போது, அன்று இருந்த வசதியைக்கூட இழந்துவிட்டோமே என்ற வேதனை எனக்கு உண்டு.

அந்தக் குறையைத் தீர்க்க வரையப்பட்டதே ஏறத்தாழ 15.7 கிலோமீற்றர் நீளமும் 16 நிலையங்களும் கொண்ட இலகு ரயில் பாதை. வீதிக்கு மேலே தூண்களில் மின்சாரத்தில் ஓடும் வண்டி என்பதால், கீழே எத்தனை வாகனங்கள் தேங்கி நின்றாலும் அதன் நேரம் பிசகாது. 2019 மார்ச்சில் ஜப்பான் சர்வதேச ஒத்துழைப்பு முகவரகம் முதற்கட்டமாகச் சுமார் 3,000 கோடி யென் கடன் தர ஒப்பந்தம் செய்தது. வட்டி ஆண்டுக்கு 0.1 வீதம், திருப்பிச் செலுத்த 40 ஆண்டுகள், அதில் முதல் 12 ஆண்டுகள் சலுகைக் காலம். ஜப்பானிய நிறுவனங்களுக்கும் பொருட்களுக்கும் முன்னிடம் தரும் நிபந்தனை இந்தக் கடனோடு சேர்ந்தே வந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை. அப்படியிருந்தும் இதைவிட இலகுவான கடன் நம் நாட்டுக்கு எளிதில் கிடைத்துவிடாது.

ஆயினும் செலவு அதிகம், கொழும்புக்குப் பொருந்தாது என்று கூறி, கடன் கொடுத்த நாட்டுடன் முறையாகப் பேசாமலே, ஜனாதிபதி செயலகத்தின் ஒரு கடிதத்தின் மூலம் திட்டம் நிறுத்தப்பட்டது. பின்னர் 2023 இல் டோக்கியோவுக்குச் சென்ற அன்றைய ஜனாதிபதி ரணில் விக்கிரமசிங்க அதற்காக வருத்தம் தெரிவிக்க நேர்ந்தது. செலவு அதிகம் என்று ரயிலை நிறுத்திய அதே அரசாங்கம், புதிய களனிப் பாலத்திலிருந்து இராஜகிரிய வழியாக அத்துருகிரிய வரை தூண்களின் மேல் ஒரு நெடுஞ்சாலையை அமைக்க முன்வந்ததை என்னால் இன்றும் ஏற்றுக்கொள்ள முடியவில்லை. பஸ்ஸில் தொங்கிச் செல்பவனுக்கு அந்த நெடுஞ்சாலையால் என்ன பயன்?

2022 இல் நாடு கடனைத் திருப்பிச் செலுத்த முடியாத நிலைக்கு வந்தபோது ஜப்பானின் ஏனைய கடன்களும் நின்றுபோயின. 2024 இல் அவற்றில் பல திட்டங்களுக்கு நிதி மீண்டும் வரத் தொடங்கியது. ஆகவே பேச்சுக்கு வாசல் திறந்திருக்கிறது என்றே நம்புகிறேன். ஆனால் பேச்சு முடிந்து பணம் வரும் வேளையில் தூண் நட இடம் இல்லாமல் போனால், காணி சுவீகரிப்பிலேயே பத்து ஆண்டுகள் கழிந்துவிடும். அதனால்தான், வரைபடத்தில் உள்ள பாதையையும் நிலையங்களுக்கான இடங்களையும் மாலபேயின் பணிமனை நிலத்தையும் அபிவிருத்தித் திட்டத்தில் குறித்து வர்த்தமானியில் அறிவிக்கும்படி கேட்கிறேன். அந்த நிலத்தில் இதற்குள் ஏதேனும் அனுமதி வழங்கப்பட்டிருந்தால் அதையும் வெளிப்படையாகச் சொல்லுங்கள்.

இன்னொன்றையும் இங்கே சொல்லியாக வேண்டும். சில ஆண்டுகளுக்கு முன், ஓய்வூதியம் தொடர்பான ஒரு கையெழுத்துக்காக என் தகப்பனார் யாழ்ப்பாணத்திலிருந்து இரவு பஸ்ஸில் கொழும்புக்கு வந்தார். பத்திரங்களைப் பொலித்தீன் பையில் சுற்றி மார்போடு அணைத்தபடி பத்தரமுல்லையில் இறங்கியவர், தரிப்பிடத்துப் பலகையில் சிங்களம் மட்டுமே இருந்ததால் எதிர்த்திசையில் வெகுதூரம் நடந்துவிட்டார். அலுவலகத்தைக் கண்டுபிடித்தபோது கருமபீடம் மூடப்பட்டிருந்தது. மறுநாளும் வரச் சொன்னார்கள். வடக்கிலிருந்தும் மலையகத்திலிருந்தும் தமிழ் பேசும் மக்கள் அரச அலுவல்களுக்காக வந்து சேரும் ஊர் பத்தரமுல்லை. கோட்டை ரயில் நிலையத்தில் இறங்கி நேரே ஏறக்கூடிய இந்த வண்டியில், பெயர்ப்பலகையும் அறிவிப்பும் முதல் நாளிலிருந்தே மூன்று மொழிகளிலும் இருக்கவும், முதியவர்கள் மேடைக்கு ஏற மின்தூக்கி இருக்கவும் வரைபட நிலையிலேயே ஏற்பாடு செய்யுங்கள். பிறகு சேர்ப்போம் என்று விட்டவை சேர்க்கப்பட்டதை நான் கண்டதில்லை.

நிலம் பற்றிய வேண்டுகோளுக்கு மட்டுமாவது எழுத்தில் பதில் தந்து, அதை மூன்று மொழிகளிலும் பொதுமக்கள் பார்வைக்கு வெளியிடும்படி பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
கொஸ்வத்தையிலிருந்து ஒரு பயணி