நேவல் பேஸ் பற்றி நீ கேட்டதற்கு

அன்பு மகளுக்கு,

ஞாயிற்றுக்கிழமை போனில் கேட்டாயே, "நம்ம சிங்கப்பூரில் அமெரிக்கப் படைத்தளம் இருக்கிறதாமே, வகுப்பில் கேட்கிறார்கள், என்ன சொல்வது?" என்று. குழம்பு அடுப்பில் இருந்ததால் அப்போது சரியாகப் பேச முடியவில்லை. செம்பவாங்கில் பிறந்து வளர்ந்தவள் நான், இதை உனக்கு முன்பே சொல்லியிருக்க வேண்டும்.

தளம் என்றால் உன் தாத்தா வேலை செய்ததுதான் தளம். செம்பவாங்கில் பிரிட்டிஷ்காரன் கட்டிய நேவல் பேஸ், அதாவது கடற்படைத் தளம். 1938-ல் திறந்த, கப்பல் பழுதுபார்க்கும் பெரிய டாக், வாசல் காவல், நாங்கள் குடியிருந்த குவார்ட்டர்ஸ் எல்லாம் அவர்களுடையது. கிளம்புகிறோம் என்று 1968-ல் அறிவித்தபோதும் நம்மைக் கேட்டு முடிவு செய்யவில்லை. நாட்டு வருமானத்தில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு அப்போது அந்தத் தளங்களை நம்பி இருந்தது. தாத்தாவுக்குக் கப்பல் பட்டறையில் வேலை நிலைத்தது. பக்கத்து வீட்டு மாமாவுக்கு நிலைக்கவில்லை. கடைசி நாள் அவர் டிபன் கேரியரைக் கழுவித் துடைத்து அலமாரி மேலே ஏற்றி வைத்தார். எனக்கு ஏழு வயது, இன்றும் கண்ணில் நிற்கிறது.

இப்போது இருப்பது வேறு. 1990-ல் அப்போதைய நம் பிரதமர் லீ குவான் இயூவும் அமெரிக்கத் துணை அதிபர் டான் குவேலும் தோக்கியோவில், அமெரிக்கப் படைகள் நம் தளங்களைப் பயன்படுத்திக்கொள்ள ஓர் உடன்பாட்டில் கையெழுத்திட்டார்கள். மறு வருடம் பிலிப்பைன்ஸ் செனட், தங்கள் நாட்டில் இருந்த அமெரிக்காவின் சுபிக் கடற்படைத் தள ஒப்பந்தத்தை வேண்டாம் என்றது. 1992-ல் அங்கிருந்த தளவாடக் கட்டளைப் பிரிவு செம்பவாங்குக்கு வந்தது. ஜப்பானில் தலைமையகம் வைத்திருக்கும் அமெரிக்காவின் ஏழாவது கப்பற்படைக்கு எண்ணெய், உணவு, உதிரிபாகம், வெடிமருந்து, தபால் வரை கொண்டு சேர்ப்பதுதான் அதன் வேலை. நடுக்கடலில் இரண்டு கப்பல்கள் பக்கத்தில் பக்கத்தில் ஓட, குழாயை நீட்டி எண்ணெய் ஏற்றுவார்கள். அந்தச் சரக்குக் கப்பல்களில் பெரும்பாலும் சீருடை போடாத மாலுமிகள்தான்.

இது சின்ன வேலை என்று நினைக்காதே. கப்பல்களுக்குச் சாமான் அனுப்பும் கம்பெனியில் இருபது வருடம் கணக்கு எழுதியவள் நான். விடியற்காலை நாலு மணிக்கு பாசிர் பாஞ்சாங் மொத்தச் சந்தையிலிருந்து கீரைப் பெட்டி வரும். மேல் இலை கொஞ்சம் வாடியிருந்தாலும் கப்பல் சமையல்காரர் பெட்டியோடு திருப்பிவிடுவார். லாரி தாமதமானால் கப்பல் நிற்காது. முட்டையும் உருளைக்கிழங்கும் தீர்ந்துபோனால் எத்தனை பீரங்கி இருந்தும் துறைமுகத்துக்குத் திரும்பத்தான் வேண்டும். அதனால்தான் அந்தக் கட்டளைப் பிரிவு எங்கே இருக்கிறது என்பதில் எல்லோருக்கும் அக்கறை.

அப்புறம், நாம் ஜப்பான் போலவோ பிலிப்பைன்ஸ் போலவோ அமெரிக்காவோடு தற்காப்பு ஒப்பந்தம் செய்துகொண்ட நாடு இல்லை. சாங்கி கடற்படைத் தளம் நம் காசில் கட்டியது. விமானந்தாங்கிக் கப்பலே அணையும் அளவுக்கு நீளமான துறை, 2001-ல் அமெரிக்காவின் கிட்டி ஹாக் வந்து நின்றது. 2019-ல் அப்போதைய நம் பிரதமர் லீ சியன் லூங்கும் டிரம்பும் அந்த 1990 உடன்பாட்டை 2035 வரை நீட்டித்தார்கள். சீனக் கடற்படையோடும் நாம் பயிற்சி செய்கிறோம். வகுப்பில் இதைச் சொல்: வீடு நம்முடையது, வந்திருப்பவர் தவணை போட்டு இருக்கிறார்.

பயமே இல்லை என்று சொல்ல மாட்டேன். அமெரிக்கா, சீனா என்ற பெரியவர்கள் இருவரும் மோதிக்கொண்டால் இந்தச் சின்ன வீட்டில் நமக்கு என்ன ஆகும் என்று யோசித்திருக்கிறேன். ஆனால் 2017 ஆகஸ்டில் ஜான் மெக்கெயின் என்ற அமெரிக்கப் போர்க்கப்பல் எண்ணெய்க் கப்பலோடு மோதி, பக்கவாட்டில் ஓட்டையோடு சாங்கிக்கு வந்ததை டிவியில் பார்த்தபோது அந்த யோசனையெல்லாம் வரவில்லை. பத்து மாலுமிகள் இறந்தார்கள், நம் ஆட்களும் கடலில் தேடினார்கள். அன்று உன் வயதுப் பிள்ளைகளைப் பெற்ற அம்மாக்களைத்தான் நினைத்துக்கொண்டேன்.

நேவல் பேஸ் மரத்தடியில் தாத்தா கும்பிட்ட முருகன் இப்போது ஈசூனில் இருக்கிறார். பங்குனி உத்திரத்துக்கு லீவு கிடைக்குமா பார். பால்குடத்துக்கு இந்த வருடமும் பேர் கொடுத்திருக்கிறேன்.

அன்புடன்,
அம்மா