சனிக்கிழமை ராத்திரியை விட்டுவிடாதே

பாளையங்கோட்டை
ஞாயிறு மதியம்

அன்புள்ள மாப்ளே,

"கேமை அழிச்சிட்டேன்டா, நமக்கு இனிமே இது ஒத்துவராது" என்று நேற்று ராத்திரி ஒற்றை வரி அனுப்பிவிட்டு நீ படுத்துவிட்டாய். சனிக்கிழமை ராத்திரி நாம் நெட்டில் ஆடுகிற 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' போர் விளையாட்டை அப்படி ஒரே வரியில் முடித்துவிட்டாயே என்று எனக்குத்தான் மனசு ஆறவில்லை. வாட்ஸ்அப்பில் பதில் போட்டால் நாலு வரியோடு நின்றுபோகும் என்பதால் உட்கார்ந்து எழுதுகிறேன். நடுவில் எழுந்து போகாமல் முழுக்கப் படி.

இங்கே எல்லாரும் சுகம். அக்கா மகளுக்குக் கல்லூரியில் இடம் கிடைத்துவிட்டது. வெயில் குறையவில்லை. ஜெனரேட்டர் என்று நாம் பட்டப்பெயர் வைத்துக் கூப்பிடுகிறவன் வீடு கட்டி முடித்துவிட்டான், பால் காய்ச்ச உன்னையும் கூப்பிடுவான். போகாவிட்டால் என்ன பேச்சு வரும் என்று உனக்கே தெரியும், அதனால் டிக்கெட்டை இப்போதே போட்டுவை. சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

நேற்று நீ ஆட்டத்தை விட்டுப் போனது தோற்கும் பயத்தில் அல்ல. தோற்கிற நிலையில் இருந்தவன் நான். உன் உருமி (சுருள்வாள்) வீரர்கள் என் மதிலை உடைத்துக்கொண்டு இருந்தார்கள். அந்த நேரம் பார்த்து உன் திரையில் ஏதோ பெட்டி வந்து விழுந்தது. அதை மூடினால் கடன் வேண்டுமா என்று போன். அதை வெட்டினால் பாப்பா. அப்புறம் வைஃபை இழுக்க ஆரம்பித்து, என் பக்கமும் எல்லாம் நத்தையாக நகர்ந்தது. கடைசியில் நீ எழுந்து போய்விட்டாய். ஒரு மணி நேரம் நிம்மதியாக ஆட முடியாத வீட்டில் கேம் எதற்கு என்று உனக்குத் தோன்றியது நியாயம்தான். ஆனால் அந்த நாலு தொந்தரவுக்கும் நாலு வேறு வேறு காரணம். எல்லாவற்றையும் சேர்த்து 'என் தலைவிதி' என்று நீ மூட்டை கட்டிவிட்டாய். அதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை.

முதலில் அந்தப் பெட்டி. அதன் பெயர் ஸ்டிக்கி கீஸ். ஷிஃப்ட் பட்டனை ஐந்து முறை அடுத்தடுத்துத் தட்டினால் வரும். நீ வீரர்களை ஐந்தைந்தாக வரிசையில் போட ஷிஃப்டைத்தானே தட்டிக்கொண்டே இருக்கிறாய், வராமல் என்ன செய்யும்? வலது ஷிஃப்டை எட்டு விநாடி அழுத்திப் பிடித்தால் ஃபில்டர் கீஸ் என்று இன்னொன்று வரும். இரண்டுமே நல்ல வசதிகள். ஒரே சமயத்தில் இரண்டு பட்டனை அழுத்த முடியாதவர்களுக்கும், விரல் நடுங்குகிறவர்களுக்கும் அவை இல்லாமல் கம்ப்யூட்டரே ஓடாது. அதனால் அதைத் திட்டாதே. உன் கம்ப்யூட்டரில் செட்டிங்ஸ் போய், அக்சசிபிலிட்டி, கீபோர்டு என்று உள்ளே நுழைந்து, ஷிஃப்டைத் தட்டினால் திறக்கும் அந்தக் குறுக்குவழியை மட்டும் அணைத்துவிடு. கன்ட்ரோல் பட்டனுக்குப் பக்கத்தில் இருக்கும் விண்டோஸ் பட்டனில் சுண்டுவிரல் பட்டு ஆட்டத்தை விட்டு வெளியே விழுவதாக முன்பு ஒரு தடவை சொன்னாயே, அதற்கும் வழி இருக்கிறது. பவர்டாய்ஸ் என்று மைக்ரோசாஃப்டே இலவசமாகத் தருகிற கருவியில் அந்தப் பட்டனைச் செயலற்றதாக்கிவிடலாம்.

மூலையில் வந்து எட்டிப் பார்க்கும் அறிவிப்புகளை நிறுத்துவது இன்னும் சுலபம். விண்டோஸ் 11-இல் சிஸ்டம், நோட்டிஃபிகேஷன்ஸ் என்று போனால் 'டு நாட் டிஸ்டர்ப்' தானாக எப்போது விழ வேண்டும் என்று கேட்கும். கேம் ஆடும்போது, முழுத்திரையில் ஏதாவது ஓடும்போது என்று இரண்டு கட்டங்கள் இருக்கும், இரண்டிலும் டிக் போடு. அப்டேட் செய்ய வேண்டும், ரீஸ்டார்ட் செய்ய வேண்டும் என்கிற நச்சரிப்புக்கு 'ஆக்டிவ் ஹவர்ஸ்' உண்டு. ஒரு நாளில் 18 மணி நேரம் வரை "இப்போது தானாக ரீஸ்டார்ட் ஆகாதே" என்று சொல்லி வைக்கலாம். அதற்காக அப்டேட்டையே மாதக்கணக்கில் தள்ளிப்போடாதே, பாதுகாப்புக்கு அது வேண்டும். ஞாயிற்றுக்கிழமை காலையில் நீயே போட்டுவிடு, சனிக்கிழமை அது உன் பக்கம் வராது.

வைஃபை கதை வேறு. இந்த கேம் வேலை செய்கிற விதத்தை உனக்குச் சொன்னால் நேற்று ஏன் நான் நத்தையானேன் என்று புரியும். நூற்றுக்கணக்கான வீரர்கள் எங்கே நிற்கிறார்கள் என்பதையெல்லாம் இது நெட்டில் அனுப்புவதில்லை. நீ எங்கே சொடுக்கினாய் என்கிற கட்டளை மட்டும்தான் போகும். உன் கம்ப்யூட்டரும் என் கம்ப்யூட்டரும் ஒரே போரைத் தனித்தனியாக, ஒரே தாளத்தில் நடத்திக்கொண்டு போகும். அந்தக் காலத்து டயல்அப் மோடத்தில் ஓட வேண்டும் என்பதற்காகச் செய்த ஏற்பாடு, இன்றைக்கும் அடிப்படை அதுதான். ஆகவே ஒருவனுடைய இணைப்பு திணறினால் எல்லாருக்கும் தாளம் தப்பும். இதற்கு நீ பெரிய பிளான் வாங்கத் தேவையில்லை. நேற்று உன் மச்சினன் கல்யாணத்திலிருந்து வந்த வீட்டுப் போன்கள் எல்லாம் சார்ஜில் கிடந்தன என்று நீதான் சொன்னாய். சார்ஜில் போட்டு வைஃபையும் கிடைத்துவிட்டால் போன்கள் படங்களையும் வீடியோக்களையும் மேலே ஏற்ற ஆரம்பித்துவிடும். ஏற்றும் பாதை நிரம்பிவிட்டால், உன் சின்னஞ்சிறு கட்டளை அந்த வரிசையின் வாலில் போய் நிற்கும். பேக்கப்பை அந்த ஒரு மணி நேரம் நிறுத்தி வை. முடிந்தால் ரூட்டரிலிருந்து ஒரு கேபிளை நேராக உன் கம்ப்யூட்டருக்கு இழுத்துவிடு.

கடன்காரப் போன்களுக்கு 1909. 'START 0' என்று அந்த எண்ணுக்கு எஸ்எம்எஸ் அனுப்பினால் விளம்பர அழைப்புகள் முழுக்கத் தடைப்பட வேண்டும். 140-இல் தொடங்குகிறவை விளம்பரம், 1600-இல் தொடங்குகிறவை வங்கி போன்றவர்களின் சேவை அழைப்பு என்று இப்போது பிரித்திருக்கிறார்கள். அதையும் மீறிச் சாதாரண எண்ணிலிருந்து வருகிறவன் வருவான். அவனுக்கு மருந்து நீ போனிலும் டிஎன்டி, அதாவது அதே 'டு நாட் டிஸ்டர்ப்', போடுவதுதான்.

அதைத்தான் நீ போட மாட்டேன் என்கிறாய்.

மாப்ளே, இதை எப்படி எழுதுவது என்று யோசித்து யோசித்துத்தான் இவ்வளவு தூரம் கம்ப்யூட்டர் கதை பேசிக்கொண்டிருந்தேன். நீ ஏன் போனை அமைதிப்படுத்துவதில்லை என்று எனக்குத் தெரியும். உன் அப்பா தவறிப்போன அன்று ராத்திரி உன் போன் சைலன்டில் இருந்தது. பக்கத்து வீட்டு அம்மாள் கூப்பிட்டார்கள், ஆம்புலன்சில் கூட வந்த பையன் கூப்பிட்டான், நான் கூப்பிட்டேன். விடிந்து நீ பார்த்தபோது எல்லாம் முடிந்திருந்தது. அன்றிலிருந்து பெங்களூரில் நீ குளிக்கப் போனாலும் போனைப் பாத்ரூம் வாசலில் வைத்துவிட்டுப் போகிறாய் என்று உன்னைக் கட்டிக்கொண்ட தங்கச்சி சொன்னாள். விளம்பரக்காரன் அடித்தாலும் உன் கை நடுங்குகிறது என்றாள். அந்த பயத்தோடு சண்டை போட எனக்கு உரிமை இல்லை. ஆனால் அந்த பயத்துக்குச் சரியான பூட்டு ஒன்று இருக்கும்போது, நீ வீட்டுக் கதவையே கழற்றி வைத்துக்கொண்டு தூங்காமல் கிடக்கிறாய்.

கவனமாகக் கேள். சைலன்டும் டிஎன்டியும் ஒன்றல்ல. சைலன்ட் போட்டால் அம்மாவும் கடன்காரனும் அதற்கு ஒன்றுதான், இரண்டு பேருக்கும் மணி அடிக்காது. டிஎன்டி ஆள் பார்த்து உள்ளே விடும். உன் சாம்சங்கில் அம்மா, நான், பக்கத்து வீடு, முக்கு ஆட்டோக்காரர் ஆகியோரின் எண்களுக்கு நட்சத்திரம் போட்டு ஃபேவரிட் ஆக்கு. டிஎன்டிக்குள் போய் அழைப்புகளில் ஃபேவரிட் மட்டும் அனுமதி என்று வை. இந்த நாலு பேர் எப்போது கூப்பிட்டாலும் மணி அடிக்கும். போன் மட்டும் சவுண்ட் மோடில் இருக்க வேண்டும். அங்கே சைலன்டோ வைப்ரேட்டோ போட்டுவிட்டால் டிஎன்டி விட்டாலும் சத்தம் வராது, இதை மறந்துவிடாதே.

இது மட்டும் போதாது என்று நீ சொல்வாய். அன்று வந்ததில் ஒன்று முகம் தெரியாத எண், அந்த ஆம்புலன்ஸ் பையனுடையது. அதற்கும் இடம் வைத்திருக்கிறார்கள். அதே பக்கத்தில் 'ரிப்பீட் காலர்ஸ்' என்று ஒன்று இருக்கும், அதைத் திறந்து வை. எந்த எண்ணாக இருந்தாலும், 15 நிமிடத்துக்குள் இரண்டாவது முறை அழைத்தால் டிஎன்டி வழிவிட்டுவிடும். தங்கச்சியின் ஐபோனில் இதே ஏற்பாடு 3 நிமிடத்துக்குள் என்று இருக்கும். அதில் கூடுதலாக, ஒருவருடைய ரிங்டோன் பக்கத்தில் 'எமர்ஜென்சி பைபாஸ்' போட்டால் சைலன்டில் கிடந்தாலும் அவர் அழைப்பு ஒலிக்கும். அம்மா எண்ணுக்கு அவள் போனில் அதைப் போட்டுக்கொடு. நிஜமான அவசரத்தில் கூப்பிடுகிறவன் ஒரு தடவையோடு நிறுத்த மாட்டான், விளம்பரக்காரன் அடுத்த எண்ணுக்குப் போய்விடுவான். இதை யோசித்து வைத்தவன் யாரோ, அவன் வீட்டிலும் வயசானவர்கள் இருந்திருக்க வேண்டும்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் அம்மாவைப் பார்க்கப் போனேன். நன்றாக இருக்கிறார்கள். முழங்கால் வலி இருக்கிறது, ஆனால் வாசலுக்குக் கோலம் போட வேறு யாரையும் விடுவதில்லை. இந்தப் பேச்சை நான்தான் எடுத்தேன். அவர்களுக்கு இன்னும் அந்தப் பழைய மிஸ்டு கால் பழக்கம். ஒரு மணி அடித்ததும் வெட்டிவிட்டு நீ கூப்பிடுவாய் என்று காத்திருப்பார்கள். "அவசரம்னா வெட்டாதீங்க அத்தே, அடிச்சுக்கிட்டே இருக்கட்டும், எடுக்கலேன்னா உடனே மறுபடி அடிங்க" என்று சொல்லியிருக்கிறேன். வாட்ஸ்அப்பில் கூப்பிட வேண்டாம், நேர் போனில்தான் கூப்பிட வேண்டும் என்றும் சொல்லியிருக்கிறேன், ஏனென்றால் நட்சத்திரம் போட்ட எண் என்கிற சலுகை அந்த ஆப்களின் அழைப்புக்குக் கிடைக்கும் என்று நம்பி உட்கார முடியாது. எல்லாம் கேட்டுக்கொண்டு அம்மா கடைசியில் ஒன்று சொன்னார்கள். "அவன் விளையாடுற நேரத்துல நான் கூப்பிடவே யோசிப்பேன்பா, பாவம், அந்த ஒரு நேரந்தான் சிரிச்சுக்கிட்டு இருப்பான்." நீ அவர்களுக்காக ஆட்டத்தை விடுகிறாய், அவர்கள் உன் ஆட்டத்துக்காகப் போனை எடுக்கத் தயங்குகிறார்கள். இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் காப்பாற்றுகிறேன் என்று இப்படித் தவிக்க வேண்டாம்டா.

மிச்சம் பாப்பாதான். அவளுக்கு செட்டிங்ஸ் கிடையாது. "ஒரு நிமிஷம் நிறுத்துப்பா" என்று அவள் கேட்பது தப்பே இல்லை, அவள் டேப்லெட்டில் ஆடுகிற எதையும் நிறுத்த முடியும். எதிரில் ஒரு மாமா உட்கார்ந்திருக்கிறார், நிறுத்தினால் அவருக்கும் நிற்கும் என்று அவளைப் பக்கத்தில் உட்கார வைத்துக் காட்டு. நாம் இரண்டு பேர் மட்டும் ஆடுகிற தனி ஆட்டத்தில் எஃப்3 தட்டினால் நிற்கத்தான் செய்யும், அவளுக்காக எத்தனை முறை வேண்டுமானாலும் நிறுத்து, நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். ஊர் பேர் தெரியாதவனோடு ஆடுகிற ஆட்டத்தை அவள் தூங்கின பிறகு வைத்துக்கொள். நேரமே கிடைக்காத வாரத்தில் லிச்செஸ் இணையதளத்தில் ஒரு நகர்த்தலுக்கு இரண்டு மூன்று நாள் என்று வைத்துச் சதுரங்கம் ஆடுவோம். அதில் யார் வந்து கூப்பிட்டாலும் உன் ராஜாவுக்கு ஒன்றும் ஆகாது.

தங்கச்சிக்கும் இதே மாதிரி ஒரு மணி நேரம் வேண்டும், அதை நீ கொடுக்க வேண்டும். அவள் படிக்க உட்காரும்போது பாப்பாவை யார் பார்க்கிறார்கள்? அந்தக் கணக்கு நேராக இல்லாவிட்டால் சனிக்கிழமை ராத்திரி அவள் முகம் சுளிப்பதை எந்த டிஎன்டியும் தடுக்காது. இதை அண்ணனாகச் சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதே.

பிரவுசிங் சென்டரில் அண்ணாச்சி "டைம் முடிஞ்சுது, எந்திரிங்கலே" என்று கத்தியபோதுகூட, கோட்டையைக் கட்டி முடிக்காமல் எழ மாட்டேன் என்று மவுசைப் பிடித்துக்கொண்டு நின்றவன் நீ. அந்த ஆளை எனக்குத் தெரியும். இருபது வருஷத்துக்கு மேலாகிவிட்டது, ஊர் விட்டு ஊர் போனோம், சம்பளம், கடன், சாவு எல்லாம் பார்த்தோம். வாரத்தில் உன் குரலை முழுசாகக் கேட்பது அந்த ஹெட்செட்டில்தான். மற்ற நாளெல்லாம் "எப்படி இருக்க, சரி, வைக்கிறேன்" தான். எனக்கு அது வேண்டும்டா.

கேமை இன்று ராத்திரியே மறுபடி இறக்கப் போட்டுவிட்டுத் தூங்கு, பெரிய ஃபைல். வெள்ளிக்கிழமை ஒன்பதரைக்கு டிஎன்டி போட்டுவிட்டு எனக்கு ஒரு மெசேஜ் அனுப்பு. அம்மா வீட்டுக்குப் போய் அவர்கள் போனிலிருந்து ஒரு முறை அழைக்கச் சொல்கிறேன், உன்னிடம் சேமித்து வைக்காத என் ஆபீஸ் எண்ணிலிருந்து நான் இரண்டு முறை அழைக்கிறேன். அம்மா அழைப்பு முதல் தடவையே ஒலிக்க வேண்டும், என்னுடையது இரண்டாவது தடவை ஒலிக்க வேண்டும். இரண்டும் சரியாக வந்தால் சனிக்கிழமை ஆட்டம். தீவு வரைபடம். இந்தத் தடவை கேமில் வரும் திராவிடர் படை எனக்கு, கப்பல் எல்லாம் என் பக்கம். நீ வேறு எதையாவது எடுத்துக்கொள்.

அன்புடன்,
உன் மாப்ளே

பி.கு.: ஜெனரேட்டர் வீட்டுப் பால் காய்ச்சுக்கு டிக்கெட் போட்டாயா, இல்லையா?