விபூதிப் பிள்ளையார் பக்கம் எங்களைத் தேடி வந்த அக்காவுக்கு

மீனாட்சியம்மன் கோயிலில் வைத்துப் பெண் பார்ப்பது எங்கள் பக்கம் வழக்கம்தான். தரகர் எங்களைப் பொற்றாமரைக் குளக்கரையில் இருக்கும் விபூதிப் பிள்ளையாரிடம் இருக்கச் சொன்னார். மாப்பிள்ளை வீட்டாரிடம் 'பிள்ளையார் பக்கம், பச்சைச் சேலை' என்று மட்டும் சொல்லியிருக்கிறார். அவர்கள் முக்குறுணி விநாயகரிடம் போய்விட்டார்கள். தெப்பக்குளம் தோண்டும்போது கிடைத்ததாகச் சொல்வார்களே, அந்தப் பெரிய பிள்ளையார். அங்கேயும் பச்சைச் சேலையில் ஒரு பெண், மாப்பிள்ளைக்காகக் காத்திருக்கும் குடும்பம். பேச்சு குலதெய்வம் வரைக்கும் போய்விட்டதாம்! 2018-லிருந்து கோயிலுக்குள் செல்போன் கூடாது, யாரைக் கூப்பிட்டுக் கேட்பது? பொற்றாமரைக் குளக்கரையில் அப்பா கிளம்பலாம் என்று எழுந்துவிட்டார்.

அக்கா, தரையைத் துடைத்துக்கொண்டே அம்மாவிடம் எந்த ஊர் என்று விசாரித்தீர்களே, அதை நினைவில் வைத்திருந்தீர்கள். முக்குறுணி விநாயகரிடம் மாப்பிள்ளை வீட்டார் பேசுவது காதில் விழுந்ததும், "தம்பி, நீங்க பாக்க வந்த அலங்காநல்லூர்ப் பொண்ணு குளத்துக்கிட்ட உக்காந்திருக்கு" என்று மெதுவாகச் சொல்லி, நீங்களே கூட்டிக்கொண்டு வந்தீர்கள். அப்புறம் திரும்பிப் போய், அந்தப் பெண் கூசிப்போகாதபடி, அவளுக்கான மாப்பிள்ளை வரும்வரை பேச்சுத் துணைக்கு இருந்தீர்களாம். எனக்கு இதுதான் பெரிதாகப் படுகிறது. அப்பா கொடுத்த பணத்தையும் வாங்கவில்லை.

தை மாதம் எங்களுக்குக் கல்யாணம். பத்திரிகையோடு வந்தோம், உங்களைப் பார்க்க முடியவில்லை. அக்காவைத் தெரிந்தவர்கள் இதைப் படித்துக் காட்டுங்கள். முதல் பந்தியில் நீங்கள் உட்கார வேண்டும், அக்கா.