பாணம்: ஓராள் நடிக்கும் தெரு

ஆசிரியருக்கு,

சமஸ்கிருத பாண நாடகங்கள் (ஒரே நடிகர், தெருவில் காண்பவர்களோடு பேசுவதாக நடிக்கும் நாடகங்கள்) பற்றிய கட்டுரை, கணிகையரின் அழகைச் சொல்வதோடு நின்றுவிட்டது. அவர்களின் தொழில்திறமும் சொல்லப்பட வேண்டும். பாடலிபுத்திரத்தில் நிகழும் 'உபயாபிசாரிகா'வில், அரண்மனை நடனப் போட்டிக்குப் போகும் கணிகை பிரியங்குசேனையின் தேர்ச்சி எண்ணோடு வருகிறது: நால்வகை அபிநயம், 32 கைவீச்சுகள், 18 பார்வைகள், 8 ரசங்கள். ஆண்டுக்கணக்கான பயிற்சி இல்லாமல் இது வராது.

இந்த நாடகம் உள்பட நான்கு பழைய பாணங்கள் 'சதுர்பாணீ' என்று 1922-இல் அச்சேறின. அவற்றில் அங்கதத்தின் உச்சம் 'பாததாடிதகம்'. விஷ்ணுநாகன் என்ற அதிகாரியின் தலையில் கணிகை மதனசேனிகை விளையாட்டாகக் கால் வைத்துவிடுகிறாள். தீட்டுக் கழிக்க அவன் அந்தணர்களிடம் ஓடுகிறான். அவர்கள் விடர்களை, அதாவது கணிகையர் தெருவில் திரியும் சல்லாபக்காரர்களை, பார்க்கச் சொல்கிறார்கள். விடர் சபையின் தீர்ப்பு என்ன தெரியுமா? அவள் சபைத் தலைவன் தலையில் கால் வைப்பாள், விஷ்ணுநாகன் அதைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும்! அடி வாங்கியதையே பேறாகக் கருதத் தெரியாதவனுக்கு இதைவிடப் பொருத்தமான தண்டனை இல்லை.

மேடையேற்றுவோர் கவனத்துக்கு: பாணத்தில் ஒரே அங்கம், ஒரே நடிகர். "என்ன சொல்கிறாய்?" என்று வெற்றிடத்தைக் கேட்டு, பதிலையும் விடனாக வரும் அந்த நடிகரே சொல்ல வேண்டும். கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே காது கொடுக்கும் இடைவெளி தேவை. மாடத்தில் இருப்பவளுக்குப் பார்வை மேலே, வாசற்படியில் உட்கார்ந்தவளுக்குக் கீழே. பார்வை நழுவினால் தெருவே கலைந்துவிடும். பதில் சொல்ல இன்னொரு நடிகரை நிறுத்துவதும் கூடாது. அப்போது அது பாணமே அல்ல.

– ஒரு வாசகர்